சோத்துக்கைப் பக்கம் மலை

“உங்க ஊட்ல இருக்கிற ஒரே புக்கு ரேஷன் கார்டு. அதுவும் இப்ப அட்டையா மாறிப்போச்சு. நீ எப்பிடிம்மா புக்கு மொழிபெயர்ப்ப?”

அன்வர் பாய் இப்படிக் கேட்டபோது அவருடைய அச்சகத்தில் நான் டி.டி.பி. வேலைக்குச் சேர்ந்து ஒரு வருடம்கூட ஆகியிருக்கவில்லை. கேட்டதில் கெட்ட எண்ணம் எதுவும் கிடையாது. கல்யாணப் பத்திரிகையும் பில் புத்தகமும் கோயில் நோட்டீசும் அடிக்கிற இடம் அது. மாப்பிள்ளையின் தாத்தா பெயரை விட்டுவிடாமல் தட்டச்சு செய்யத்தான் என்னை வைத்திருந்தார். அப்படிப்பட்ட பெண் வந்து நின்று, ஹீப்ரு மொழியில் இருக்கும் ஒரு குழந்தைக் கதையைத் தமிழில் எழுதப்போகிறேன் என்று சொன்னால் யாருக்கும் இந்தச் சந்தேகம் வரும்.

அவர் சொன்னது உண்மையும்கூட. எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடப் படி ஏறிய முதல் ஆள் நான்தான். அடி அண்ணாமலையில் கிரிவலப் பாதை ஓரம் அம்மா இளநீர்க் கடை போட்டிருந்தாள், இப்போதும் போட்டிருக்கிறாள். ரேஷன் கார்டையும் வாக்காளர் பட்டியலையும் தவிர எங்கள் வீட்டு ஆட்களின் பெயர் எங்கேயும் அச்சில் வந்ததில்லை. ஒரு புத்தகத்தின் உள்பக்கத்தில் ‘தமிழில்’ என்று போட்டு அதன் பக்கத்தில் என் பெயர் வரவேண்டும் என்று ஆசைப்பட்டேன். அந்த ஆசையைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை.

நம் அச்சகத்தின் சிறுவர் புத்தகப் பிரிவுக்கு நீங்கள் புதிதாக வந்திருக்கிறீர்கள். கணினியில் எதை எங்கே அழுத்த வேண்டும் என்பதை ஒரு வாரத்தில் நீங்களே கற்றுக்கொள்வீர்கள். இந்தப் பிரிவு தொடங்கக் காரணமாக இருந்த முதல் புத்தகம் கிட்டத்தட்ட தப்பாக அச்சேற இருந்தது. அதைத்தான் உங்களுக்குச் சொல்ல வேண்டும் என்று நினைக்கிறேன்.

அந்தப் புத்தகத்தை எழுதியவரின் பெயரை இங்கே எழுதவில்லை. அவருக்கு அது பிடிக்காது. எங்கள் ஊர்ப் பிள்ளைகள் அவரைக் கதைக்காரம்மா என்பார்கள். நாற்பதைத் தாண்டியவர். ஹீப்ருவில் குழந்தைகளுக்கு எழுதுபவர். மற்ற மொழிகளிலிருந்து குழந்தைக் கதைகளை ஹீப்ருவுக்குக் கொண்டுபோகிறவர். கார்த்திகை தீபக் கூட்டம் வடிந்ததும் வருவார். செங்கம் சாலையிலிருந்து உள்ளே போகும் சந்தில் ஒரு மாடி அறை எடுப்பார். வெயில் ஏறத் தொடங்கியதும் கிளம்பிவிடுவார். பிரிண்ட் எடுக்க எங்கள் அச்சகத்துக்கு வந்துதான் எனக்குப் பழக்கமானார்.

முதலில் என்னைத் திகைக்க வைத்தது அவர் நாளைப் பிரித்து வைத்திருந்த விதம். காலை முழுவதும் மொழிபெயர்ப்பு. தன்னுடைய கதையை மதியச் சாப்பாட்டுக்குப் பிறகுதான் தொடுவார். நானாக இருந்தால் தலை தெளிவாக இருக்கும் நேரத்தை எனக்கென்று எடுத்துக்கொண்டு மீதியை மற்றவர்களுக்குக் கொடுத்திருப்பேன். கேட்டேன். என் கதையில் தப்பு வந்தால் அது என் தப்பு, அடுத்தவர் கதையில் நான் தப்புப் பண்ணினால் அவர் பெயர் அல்லவா கெடும், அதனால் தெளிந்த நேரம் அவருக்குத்தான் என்றார். நான் அதுவரை பத்திரிகைகளைத் தூக்கம் வரும் மதியத்தில்தான் தட்டச்சு செய்துகொண்டிருந்தேன். மறுநாளிலிருந்து மாற்றிக்கொண்டேன்.

அவருடைய அப்பா அம்மாவும் ஹீப்ரு படிக்கத் தெரியாதவர்கள். வேறு நாட்டிலிருந்து வந்து குடியேறியவர்கள். வீட்டில் அரபி பேசுவார்களாம். மின்சார பில், பள்ளிக்கூட நோட்டீஸ், மருந்துச் சீட்டு எல்லாவற்றையும் இந்தச் சின்னப் பெண்தான் படித்துச் சொல்ல வேண்டும். இதைக் கேட்ட அன்று நான் என் ஸ்டூலை அவர் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டேன். ஒரு தடவை ஆஸ்பத்திரியில் டாக்டர் அவருடைய அப்பாவைப் பற்றி ஏதோ கடுமையாகச் சொன்னார். அதை அப்பாவிடம் மொழிபெயர்க்கச் சொன்னார்கள். குறைத்துச் சொல்லலாமா என்று அந்தக் குழந்தை ஒரு நிமிஷம் யோசித்திருக்கிறது. பிறகு, கேட்டதை அப்படியே சொல்லியிருக்கிறது. அப்பா, இனிமேல் எதுவானாலும் உன்னையே கேட்கிறேன் என்றாராம். அன்றைக்குத்தான் தனக்கு வேலை கிடைத்தது என்று கதைக்காரம்மா சொல்லிச் சிரித்தார்.

இனி, புத்தகம்.

கதை சின்னது. பௌர்ணமி அன்று கிரிவலம் போகிற கூட்டத்தோடு ஒரு ஆட்டுக்குட்டியும் சேர்ந்து நடக்கத் தொடங்கிவிடுகிறது. அதை வளர்க்கும் சிறுமி பின்னாலேயே தேடிக்கொண்டு போகிறாள். பூக்காரம்மா, டீக்கடைக்காரர், சாமியார், ஆட்டோக்காரர், யாரைக் கேட்டாலும் “முன்னால போச்சு” என்கிறார்கள். மலையை முழுதாகச் சுற்றி முடிக்கும்போது குட்டி அவள் வீட்டு வாசலிலேயே நிற்கிறது. ஹீப்ருவில் அந்தப் புத்தகம் ஏற்கெனவே வந்து, அங்கே பிள்ளைகளுக்குப் பிடித்துப்போயிருந்தது. எங்கள் ஊரில் நடக்கும் கதை எங்கள் பிள்ளைகளுக்கு அவர்கள் பாஷையில் கிடைக்க வேண்டும் என்பது அவர் ஆசை. எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்துக்குக் கொடுக்க, தன் செலவிலேயே பாயிடம் அச்சடிக்க நினைத்தார்.

அவர் ஹீப்ருவில் ஒரு பக்கம் சத்தமாக வாசிப்பார். பிறகு ஆங்கிலத்தில் விளக்குவார். நான் தமிழில் எழுதி வாசிப்பேன். தமிழ் அவருக்கு ஒரு சொல்லும் தெரியாது. கண்ணை மூடிக்கொண்டு என் மூச்சைக் கேட்பார். நான் நடுவில் மூச்சு வாங்கினால் அந்த வரி நீளம் என்று கையைத் தூக்குவார். வேலை முடிந்து களைத்து வந்த அம்மா, பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு ஒரே மூச்சில் வாசிக்கிற மாதிரி இருக்க வேண்டும் என்பார்.

ஒருநாள் நான் எழுதுவதை நிறுத்திவிட்டு, எங்கள் ஊரில் அம்மா யாருக்கும் வாசித்துக் காட்டுவதில்லை என்றேன். என் அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. பல வீடுகளில் அப்படித்தான். பிள்ளைதான் எழுத்துக் கூட்டிப் படித்து அம்மாவுக்குச் சொல்லும். அம்மா சோறு வடித்துக்கொண்டே கேட்பாள்.

அவர் பேனாவைக் கீழே வைத்தார். இத்தனை வருடம் எழுதியும் இப்படி ஒரு வாசகி இருப்பாள் என்று நினைத்ததே இல்லை என்றார். அதன்பிறகு அதுவரை செய்த எல்லாப் பக்கங்களையும் முதலிலிருந்து தொடங்கினோம். வரிகளைப் பிள்ளை தடுக்காமல் படிக்கும்படி சின்னதாக்கினோம். கேட்கிற அம்மாவுக்குச் சிரிப்பு வரும்படி பக்கத்துக்கு ஒரு இடம் வைத்தோம். புகழ்பெற்ற ஒருவர், டி.டி.பி. பெண் சொன்ன ஒரே வார்த்தைக்காகப் பாதி வேலையைத் தூக்கி ஓரமாக வைத்ததை நான் அப்போதுதான் முதன்முதலாகப் பார்த்தேன்.

இப்போது படங்களுக்கு வருகிறேன். ஹீப்ருவை வலமிருந்து இடமாக எழுதுவார்கள். புத்தகமும் நமக்குக் கடைசிப் பக்கமாக இருக்கும் இடத்தில்தான் திறக்கும். அதனால் படத்தில் ஓடுகிற ஆடும் நடக்கிற பிள்ளையும் இடப்பக்கம் பார்த்தே போவார்கள். அப்படிப்பட்ட புத்தகத்தை நம்மைப் போல இடமிருந்து வலமாகப் படிக்கிறவர்களுக்குக் கொண்டுவரும்போது, படங்களைக் கண்ணாடியில் பார்ப்பதுபோலத் திருப்பிப் போட்டுவிடுவது இந்தத் தொழிலில் வழக்கம். அவர் சொன்னார், நான் திருப்பினேன். ஆட்டுக்குட்டி இப்போது வலப்பக்கம் பார்த்து ஓடியது. பார்க்க நன்றாகவே இருந்தது.

மார்கழி பாதி போயிருந்தது. தை பிறந்துவிட்டால் கல்யாணப் பத்திரிகை வேலைக்கே மெஷின் போதாது என்று பாய் தினமும் நினைவுபடுத்தினார். அதற்குள் அடித்தால் உண்டு. இல்லையென்றால் கதைக்காரம்மா ஊருக்குப் போய்விடுவார், புத்தகம் என்ன ஆகுமோ தெரியாது. காகிதம் வெட்டியாகிவிட்டது. உள்பக்கத்தில் என் பெயரை நானே தட்டச்சு செய்து, அளவைக் கொஞ்சம் பெரிதாக்கிப் பார்த்து, மறுபடி சிறிதாக்கி வைத்திருந்தேன்.

அச்சுக்குப் போகும் முன் பிள்ளைகளிடம் ஒருமுறை வாசித்துவிட வேண்டும் என்பது அவருடைய கட்டாயம். எங்கள் ஊர்ப் பள்ளியில் ஒரு வகுப்பைக் கேட்டு வாங்கினோம். பிள்ளைகள் ஜன்னலுக்கு முதுகைக் காட்டித் தரையில் உட்கார்ந்தார்கள். நான் முன்னால் உட்கார்ந்து மாதிரிப் புத்தகத்தின் படங்களைக் காட்டி வாசித்தேன். அவர் பக்கவாட்டில், சுவரோரம் உட்கார்ந்துகொண்டார். பிள்ளைகளின் முகத்தை அவர் பார்க்கவே இல்லை. கால்விரல்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். பெரியவர்கள் முன்னால் முகத்தை எப்படி வைத்துக்கொள்வது என்று எல்லாக் குழந்தைக்கும் தெரியும், கால்விரலுக்கு அதெல்லாம் தெரியாது என்று முன்பே சொல்லியிருந்தார்.

இரண்டாவது படத்தைக் காட்டியதும் ஒரு பெண் எழுந்து நின்றாள்.

“அக்கா, இவங்க ஏன் தப்பா சுத்தறாங்க?”

எனக்குப் புரியவில்லை. என்னடி தப்பு என்றேன்.

“மல சோத்துக்கை பக்கம் தான இருக்கணும்? இதுல பீச்சாங்கை பக்கம் கீது.”

வகுப்பே முன்னால் நகர்ந்து வந்தது. பூக்காரம்மா பீச்சாங்கையால் பூக் கொடுப்பதை இன்னொரு பிள்ளை கண்டுபிடித்தது. டீக்கடைக்காரர் அதே கையால் டீ நீட்டுவதை மற்றொன்று கண்டுபிடித்தது. சிரிப்பு வகுப்பு முழுவதும் பரவியது. மலையை இப்படி எதிர்ப்பக்கமாகச் சுற்றினால் பாவம் என்று ஒருவன் தீர்ப்புச் சொன்னான். கதையை யாரும் கேட்கவில்லை.

பிறந்ததிலிருந்து மலையைப் பார்த்து வளர்ந்தவள் நான். மலை வலது கைப்பக்கம் இருக்க நடப்பதுதான் கிரிவலம். எங்கள் ஊரில் அதை யாரும் யாருக்கும் சொல்லித் தருவதுகூட இல்லை. படத்தைத் திருப்பியபோது மலையும் இடது கைக்குப் போய்விட்டது. அவ்வளவு நாள் திரையில் பார்த்தும் அது என் கண்ணில் படவே இல்லை. ஏன் படவில்லை என்று அப்போது தெரியவில்லை.

கதைக்காரம்மா சுவரோரத்திலிருந்து என்னைப் பார்த்தார். “என்ன சொன்னாள்?” என்று கேட்டார்.

இந்த இடத்தைத்தான் நீங்கள் கவனிக்க வேண்டும். அந்த அறையில் இரண்டு பக்கமும் தெரிந்த ஆள் நான் ஒருத்திதான். ஆட்டுக்குட்டியைப் பார்த்துச் சிரிக்கிறார்கள் என்று நான் சொன்னால் அவர் நம்புவார். மறுநாள் மெஷின் ஓடும். என் பெயர் அச்சில் வரும். பிள்ளைகள் சொன்னதைச் சொன்னால் தை பிறந்துவிடும், எல்லாம் போய்விடும். ஆஸ்பத்திரியில் டாக்டருக்கும் அப்பாவுக்கும் நடுவில் நின்ற அந்தச் சின்னப் பெண்தான் எனக்கு நினைவுக்கு வந்தாள்.

பிள்ளைகள் சொன்னதை, பீச்சாங்கையைக்கூட விடாமல், அப்படியே ஆங்கிலத்தில் சொன்னேன்.

அவர் எழுந்து வந்து புத்தகத்தை என் கையிலிருந்து வாங்கினார். அந்தப் பெண்ணின் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து ஒவ்வொரு பக்கமாகக் காட்டினார். அவள் ஒவ்வொன்றிலும் எது தப்பு என்று விரல் வைத்துச் சொன்னாள், நான் மொழிபெயர்த்தேன். கடைசிவரை பொறுமையாகக் கேட்டுவிட்டு, அவள் கையைக் குலுக்கினார். வெளியே வந்ததும் என்னிடம், “ஏதோ சரியில்லை என்பது கால்களிலேயே தெரிந்துவிட்டது. என்ன சரியில்லை என்று எனக்குச் சொல்ல உன்னைத் தவிர ஆள் இல்லை,” என்றார்.

அச்சகத்தில் பாய்க்கு இது பெரிய விஷயமாகத் தெரியவில்லை.

“கொழந்தைங்க புக்கு தானம்மா? ஆட்டுக்குட்டி எந்தப் பக்கம் போனா இன்னா? காயிதம் வெட்டி வெச்சிட்டேன்.”

படங்களைப் பழையபடியே, திருப்பாமல் போட்டால் என்ன என்று ஒரு மாதிரிப் புத்தகம் செய்து பார்த்தேன். மலை சரியான கைக்கு வந்துவிட்டது. ஆனால் நாம் பக்கத்தைத் திருப்பத் திருப்ப ஆடு நாம் வந்த வழியே பின்னால் ஓடியது. எழுத்தில் “முன்னால போச்சு” என்று இருக்கிறது. படத்தில் எல்லோரும் முடிந்துபோன பக்கத்தைப் பார்த்து நடக்கிறார்கள். கதை முன்னேறவே இல்லை.

பாய் கொஞ்ச நேரம் தாடியைத் தடவிக்கொண்டிருந்தார். பிறகு, “எங்க ஊட்டு கிதாபெல்லாம் அந்தப் பக்கந்தான் தொறக்கும். அது மாரியே அடிச்சிட்டா?” என்றார். அதை நான் சொன்னதும் கதைக்காரம்மாவின் முகம் மலர்ந்தது. நம் இரண்டு வீட்டுப் புத்தகமும் ஒரே பக்கம் திறக்கிறது என்று பாயிடம் சொல்லச் சொன்னார். பாயும் மகிழ்ந்துபோய் டீ வரவழைத்தார். ஆனால் அந்த யோசனையைக் கதைக்காரம்மா ஏற்கவில்லை.

“இப்போதுதான் எழுத்துக் கூட்டத் தொடங்கியிருக்கும் குழந்தை. நீ தப்பான பக்கம் திறந்துவிட்டாய் என்று அதனிடம் ஒரு புத்தகம் சொல்லக்கூடாது,” என்றார்.

டீ குடித்துக்கொண்டே ஒன்று சொன்னார். முதன்முதலாக இந்த ஊருக்கு வந்து, சாலையின் மறுபக்கம் நின்று, மலையையும் அதன் முன்னால் போகும் கூட்டத்தையும் பார்த்தபோது, ஊரே தன் மொழி போகிற திசையில் நடப்பதாக அவருக்குத் தோன்றியதாம். வலமிருந்து இடமாக, வரி வரியாக. அதனால்தான் இந்தக் கதையையே எழுதினார். அவரை இந்தக் கதைக்குள் இழுத்த திசைதான் இப்போது குறுக்கே நின்றது. அன்று சீக்கிரமே அறைக்குப் போய்விட்டார். மறுநாள் வரவில்லை. தை பிறந்தது. பாய் மெஷினில் பத்திரிகைக்கான மஞ்சள் அட்டைகளை ஏற்றினார். நான் என் பெயர் இருந்த பக்கத்தைத் திரையில் மூடிவிட்டு, மாப்பிள்ளைகளின் தாத்தாக்களிடம் திரும்பிப் போனேன்.

இரண்டொரு நாள் கழித்துக் காலையில் கடையில் அம்மாவுக்கு உதவிக்கொண்டிருந்தேன். எங்கள் கடை சாலையின் மலைப்பக்கம் இருக்கிறது. அந்தப் பக்கம் சித்தர்கள் நடப்பதாக ஒரு நம்பிக்கை. அதனால் விவரம் தெரிந்தவர்கள் மலையை ஒட்டி நடக்காமல், எதிர் ஓரமாகவே போவார்கள். எங்கள் கடையில் வியாபாரம் கம்மியாக இருப்பதற்கு அம்மா சொல்லும் காரணமும் அதுதான்: “நம்ம பக்கம் வர்றது சித்தருங்க தான். அவங்க எளநி குடிக்க மாட்டாங்க, குடிச்சாலும் காசு குடுக்க மாட்டாங்க.”

கதைக்காரம்மா எதிர் ஓரமாக நடந்து வந்துகொண்டிருந்தார். அவரும் விவரம் தெரிந்தவர். கையைக் காட்டிக் கூப்பிட்டேன். சாலையைத் தாண்டி வந்தார். அம்மா ஸ்டூலைத் தள்ளிப் போட்டாள். அவர் மலைக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து இளநீர் குடித்தார்.

ஒரு குடும்பம் நடந்து போனது. ஒரு சாமியார் போனார். தலையில் கூடையோடு ஒரு பெண் போனாள். அப்போதுதான் எனக்கு உறைத்தது. எல்லோரும் எங்கள் இடது பக்கத்திலிருந்து வலது பக்கம் போய்க்கொண்டிருந்தார்கள். தமிழ் போகிற திசையில். மலை அவர்களுடைய சோத்துக்கைப் பக்கம்தான் இருந்தது. நாங்கள் மலைப்பக்கம் உட்கார்ந்திருந்தோம், அவ்வளவுதான். திருப்பிய படங்கள் எனக்குத் தப்பாகத் தெரியாமல் போனதும் இதனால்தான். சின்ன வயதிலிருந்து இந்தக் கடையில் உட்கார்ந்து, ஆட்கள் இப்படிப் போவதைத்தான் நான் பார்த்திருக்கிறேன்.

அவர் கையைப் பிடித்து, பாருங்கள், எந்தப் பக்கம் போகிறார்கள் பாருங்கள் என்றேன். அவர் இளநீரைக் கீழே வைத்துவிட்டார். இடதும் வலதுமாகத் தலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். இங்கிருந்து வரைந்தால் எல்லாம் சரியாகிவிடும் என்றேன். அவர் என்னைப் பார்த்து, ஆனால் மலை எங்கே, இங்கிருந்து பார்த்தால் மலையே தெரியாதே என்றார்.

அம்மாவுக்கு எங்கள் ஆங்கிலம் புரியவில்லை. இன்னா கேக்கறாங்க என்றாள். மலை தெரியவில்லையாம் என்றேன். அம்மா அடுத்த காயைச் சீவிக்கொண்டே சொன்னாள்:

“மல எதுக்குத் தெரியணும்? அது தான் இங்கேருந்து எல்லாரையும் பாத்துக்கினு கீதே.”

நான் மொழிபெயர்த்தேன். கதைக்காரம்மா அம்மாவையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் கண் கலங்கியதா, வெயில் பட்டதா என்று எனக்குத் தெரியாது. பிறகு எழுந்து, கும்பிட்டுவிட்டு, கிரிவலத்தைப் பாதியில் விட்டுவிட்டு அறைக்கு ஆட்டோ பிடித்துப் போனார்.

அடுத்த நாள் என்னைக் கூப்பிட்டு வாசித்துக் காட்டினார். புதிய கதை. ஆட்டுக்குட்டி அதேதான், சிறுமி அதேதான். ஆனால் சொல்வது மலை. அது எல்லோரையும் பார்த்துக்கொண்டிருக்கிறது. குட்டி எங்கே இருக்கிறது என்று அதற்குத் தெரியும்; வாய் இல்லாததால் சொல்ல முடியவில்லை. ஒரு பக்கத்திலும் மலை தெரியாது. கடைகளும் வயலும் பஸ்ஸும் மனிதர்களும்தான். கடைசிப் பக்கத்தில் சிறுமி குட்டியைத் தூக்கி வைத்துக்கொண்டு, நின்று, முகத்தைத் திருப்பி நேராக நம்மைப் பார்க்கிறாள். அந்தப் பக்கத்தில் எழுத்தே இல்லை.

ஒரு நாட்டில் ஆயிரம் வீடுகளில் பிள்ளைகளுக்குப் பிடித்துப்போன கதையை, தான் எழுதிய வரிகளை, ஒரே இரவும் பகலுமாக விட்டுவிட்டு வந்திருந்தார். உங்களுக்கு வருத்தமாக இல்லையா என்று கேட்டேன். அந்தப் புத்தகம் அங்கே நன்றாக இருக்கிறது, அதற்கு ஒன்றும் ஆகவில்லை என்றார். அவ்வளவு பெரிய மனதை நான் அதற்குமுன் அருகில் இருந்து பார்த்ததில்லை.

அவர் ஊரிலிருந்த ஓவியத் தோழிக்கு எங்கள் கடையிலிருந்து எடுத்த போட்டோக்களை அனுப்பிவிட்டு, புதிய கதையைப் பழையபடியே உட்கார்ந்து தமிழாக்கினோம். தை முடியும் சமயத்தில் புதிய படங்கள் வந்தன. மெஷின் கிடைக்காது என்று தெரிந்தும் கடைசிப் படத்தை மட்டும் பிரிண்ட் எடுத்து பாயின் மேஜையில் வைத்தேன். அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தார்.

“இந்தப் பொண்ணு நம்மளப் பாக்குதே,” என்றார்.

பிறகு சுவரில் தொங்கிய காலண்டரைப் புரட்டினார். முகூர்த்த நாள், அமாவாசை, அஷ்டமி, நவமி எல்லாம் பாய்க்கு மனப்பாடம், தொழில் அப்படி. அஷ்டமியிலும் நவமியிலும் பத்திரிகை வேலையைத் தொடங்க யாரும் சம்மதிக்க மாட்டார்கள். மெஷின் சும்மா நிற்கும். “அந்த நாள்ல உங்க ஆட்ட ஓட்டிக்கலாம். மல கோச்சிக்காதுல்ல?” என்றார். எங்கள் புத்தகம் அப்படித்தான், ஊர் ஒதுக்கி வைத்த நாட்களில், கொஞ்சம் கொஞ்சமாக அச்சேறியது.

கதைக்காரம்மா கிளம்புவதற்கு முந்தின நாள் அதே வகுப்பில் வாசித்தேன். பிள்ளைகள் அதே இடத்தில், ஜன்னலுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தார்கள். அவர் சுவரோரம். இந்த முறை யாரும் எழுந்து நிற்கவில்லை. பூக்காரம்மா சோத்துக்கையால் பூக் கொடுத்தாள். கடைசிப் பக்கத்தைப் பிரித்துக் காட்டினேன். வாசிக்க எதுவும் இல்லாததால் நானும் பேசாமல் இருந்தேன்.

பிள்ளைகள் படத்தில் இருந்த சிறுமியைப் பார்த்தார்கள். அவள் அவர்களைப் பார்த்தாள். அன்றைக்கு எழுந்து நின்ற அந்தப் பெண்ணுக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும்; இவள் யாரைப் பார்க்கிறாள் என்று மெல்லத் தலையைத் திருப்பித் தனக்குப் பின்னால் பார்த்தாள். ஜன்னல் நிறைய மலை நின்றிருந்தது. ஒருத்தி திரும்பியதும் அடுத்தவன் திரும்பினான். வகுப்பு முழுவதும் புத்தகத்துக்கு முதுகைக் காட்டித் திரும்பி உட்கார்ந்து மலையைப் பார்த்தது.

நான் கதைக்காரம்மாவைத் தேடினேன். அவர் கால்விரல்களைப் பார்க்கவில்லை. அவரும் ஜன்னலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

அன்று மாலை பாய் அட்டை போட்டு முடித்த முதல் பிரதியை என்னிடம் கொடுத்தார். உள்பக்கத்தைத் திறந்து என் பெயரைப் பார்த்துவிட்டு, “போய் ரேஷன் கார்டு பக்கத்துல வெச்சிடும்மா,” என்றார். வைத்தேன். இப்போது அந்த அலமாரியில் ரேஷன் கார்டைத் தேடித்தான் எடுக்க வேண்டியிருக்கிறது.

அதற்குப் பிறகு நான் ஹீப்ரு எழுத்துகளைக் கற்றுக்கொள்ளத் தொடங்கினேன். கதைக்காரம்மா போனில் சொல்லிக்கொடுத்தார். வலமிருந்து இடமாகக் கண்ணை ஓட்டும் பழக்கத்துக்குப் பாய் என்னைக் கேலி செய்துகொண்டே உதவினார். இப்போது ஆங்கிலத்தை நடுவில் வைக்காமல் நேராகவே படிக்கிறேன். அப்பா அம்மாவுக்கு மின்சார பில்லைப் படித்துச் சொல்லும் ஒரு சிறுமியைப் பற்றி அவர் எழுதிய கதை இருக்கிறது. அதைத்தான் எடுத்திருக்கிறேன். அதனால்தான் இந்த மேஜையை உங்களிடம் விட்டுவிட்டு உள்ளே இருக்கும் அறைக்குப் போகிறேன்.

இன்று காலை, தலை தெளிவாக இருந்த நேரத்தில், முதல் சில பக்கங்களைக் கடையில் அம்மாவுக்கு வாசித்தேன். நான் அம்மாவின் முகத்தைப் பார்க்கவில்லை. இளநீர் சீவும் கையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஐந்தாம் பக்கம்வரை அந்தக் கை ஒரு தடவையும் நிற்கவில்லை. கதை அவளைத் தொடவில்லை என்று அதற்கு அர்த்தம். கடையிலேயே உட்கார்ந்து ஐந்தாம் பக்கத்தை மாற்றி எழுதி மறுபடி வாசித்தேன். கத்தி பாதிக் காயில் நின்றது. “அப்புறம்?” என்றாள் அம்மா.

மாற்றிய பக்கத்தைக் கதைக்காரம்மாவுக்கு அனுப்பிவிட்டேன். அவருடைய வரிகளில் எவற்றை எடுத்துவிட்டேன், ஏன் எடுத்தேன் என்பதையும் எழுதியிருக்கிறேன். ஹீப்ருவில்.